ஏறாத தவணை

ஆயில்கேன் என்றால் அந்தத் தையல் ஆலையில் தெரியாதவர் கிடையாது. முந்நூறு மெஷின்கள் ஓடுகிற கூடத்தில், நீண்ட மூக்குள்ள எண்ணெய்க் குப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு, காதைத் தீட்டிக்கொண்டு நடந்து வருவாரே, அவர்தான். எந்த மெஷின் முனகுகிறது, எது பல்லைக் கடிக்கிறது என்று பத்தடி தள்ளி நின்றே சொல்லிவிடுவார். கிண்டலுக்கு வைத்த பட்டம்தான். ஆனால் அவருக்கு அதில் உள்ளூரப் பெருமை.

அவருக்கு ஒரு கொள்கை உண்டு. ஓடுகிற மெஷினில் கை வைக்கக் கூடாது. கொள்கை சும்மா வந்துவிடவில்லை. வேலைக்குச் சேர்ந்த புதிதில், நன்றாக ஓடிக்கொண்டிருந்த ஒரு மெஷினை இன்னும் நன்றாக ஓட வைக்கிறேன் பேர்வழி என்று திறந்தார். ஊசி இறங்குகிற நேரமும் கீழே நூலைப் பிடிக்கிற கொக்கியின் நேரமும் தப்பிப் போயிற்று. அரை நாள் ஒரு வரிசை முழுக்கக் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தது. மேனேஜர் திட்டிய திட்டு வாசலில் நின்ற லாரி டிரைவருக்கும் கேட்டிருக்கும். அன்றைக்கே முடிவு கட்டினார். சத்தம் போட்டால் திற. சத்தம் போடாவிட்டால் இரண்டு சொட்டு எண்ணெய் விட்டுவிட்டு நகர். ஆலைக்குள் இந்தக் கொள்கை அவருக்கு நல்ல பெயரைத்தான் வாங்கிக் கொடுத்தது.

அவர் மனைவிக்கும் அதே ஆலையில்தான் வேலை. தையல் கூடத்துக்குப் பின்னால், நீராவிக் குழாய்கள் ஓடுகிற இஸ்திரிப் பிரிவு. தைத்து முடிந்த சட்டைகள் கட்டுக் கட்டாக அங்கே வரும். காலர், தோள்பட்டை, கைப்பட்டி என்று வரிசையாகத் தேய்த்து அனுப்ப வேண்டும். இஸ்திரி மேஜைக்கு நாற்காலி கிடையாது. உட்கார்ந்துகொண்டு தேய்த்தால் கை எட்டாது, வேகம் வராது என்பது ஆலையின் கணக்கு. காலையில் போய் நின்றால் சாயங்காலம் வரை நிற்க வேண்டியதுதான். அவளைவிட வயதில் மூத்தவர்கள்கூட அவளை அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். அப்படி ஒரு முகம் அவளுக்கு.

இருவரும் கல்யாணமான நாளிலிருந்து வாடகை வீட்டில் இருந்தவர்கள். சுவரில் ஒரு ஆணி அடித்தால் வீட்டுக்காரம்மா மாடியிலிருந்து இறங்கி வந்துவிடுவார். குழந்தை இரண்டு தடவை அழுதால் மூன்றாவது தடவை கதவு தட்டப்படும். அந்தக் கதவுத் தட்டலைக் கேட்டுக் கேட்டுத்தான் ஆயில்கேனுக்குச் சொந்த வீட்டு ஆசை வந்தது. முப்பத்தாறாவது வயதில், மூன்றாவது மாடியில், லிப்ட் இல்லாத கட்டடத்தில், இரண்டு அறையும் ஒரு சமையலறையும் கொண்ட வீடு அமைந்தது. சமையலறையில் ஒருவர் திரும்ப வேண்டுமானால் இன்னொருவர் வெளியே வர வேண்டும். இருந்தாலும் சொந்தச் சமையலறை. கீழ் மாடி கொஞ்சம் விலை கூட என்பதால் மூன்றாவது மாடி. அப்போது அவள் கால்கள் நன்றாக இருந்தன.

பத்து லட்சம் கடன். இருபது வருஷம். கழுத்தில் டை கட்டிய ஒரு பையன்தான் பேங்கில் எல்லாவற்றையும் விளக்கினான்.

"வட்டி மாறக்கூடியதுங்க. ஏறிச்சுன்னா தவணையை ஏத்திக்கலாம். இல்லன்னா தவணையை அப்படியே வச்சுக்கிட்டு வருஷத்தை நீட்டிக்கலாம். உங்களுக்கு எது வசதி?"

"தவணை ஏறாம பாத்துக்கங்க தம்பி. அது போதும்."

அந்தப் பையன் பொய் சொல்லவில்லை. எதையும் மறைக்கவும் இல்லை. அதுதான் இதில் வயிற்றெரிச்சல். யாரையாவது பிடித்து நாலு வார்த்தை திட்டலாம் என்றால் திட்டுவதற்கு ஆளே கிடையாது. அவன் சொன்னதில் பாதியை ஆயில்கேன் பிடித்துக்கொண்டார், மீதியைக் காற்றில் விட்டுவிட்டார். மாதம் எட்டாயிரத்துச் சொச்சம், அது ஏறாது. அவர் மண்டையில் ஏறியது அவ்வளவுதான்.

ஆரம்ப வருஷங்களில் மனைவியின் சம்பளம் அப்படியே தவணைக்குப் போயிற்று. அவர் சம்பளத்தில் குடும்பம் ஓடியது. பிற்பாடு அவள் சம்பளம் கொஞ்சம் ஏறியபோது, தவணை போக மிச்சம் மகளின் படிப்புக்குப் போயிற்று. மகளுக்கு நாலு வருஷ நர்ஸிங் படிக்க ஆசை. கடன் இருக்கிற வீட்டில் நாலு வருஷம் கட்டுப்படியாகாது என்று ஒன்றரை வருஷப் படிப்பில் சேர்த்தார்கள். இப்போது கல்யாணமாகி வேறு ஊரில், ஒரு ஆஸ்பத்திரியில் உதவியாளராக இருக்கிறாள். ஆசை தீராத குறையை அவள் ஒருநாளும் வாய்விட்டுச் சொன்னதில்லை. ஆக, அந்த வீட்டை மனைவி நின்றுகொண்டே வாங்கிக்கொண்டிருந்தாள், மகள் விட்டுக்கொடுத்தே வாங்கிக்கொண்டிருந்தாள் என்று சொன்னால் மிகையில்லை.

ஒன்றாம் தேதி பேங்க் கவுண்டரில் முதல் ஆளாக நிற்பது ஆயில்கேனின் வழக்கம். கையால் எண்ணிக் கட்டினால்தான் அவருக்குத் திருப்தி. வட்டி மாறியதாக பேங்கிலிருந்து எப்போதாவது தகவல் வரும். அவர் பார்ப்பது ஒரே ஒரு இடம். தவணை ஏறியிருக்கிறதா? இல்லை. அப்படியானால் சரி. டீ நேரத்தில் மற்றவர்கள் தவணை ஏறிவிட்டது என்று புலம்பும்போது இவர் டம்ளரை வைத்துவிட்டு, இல்லாத மீசையை முறுக்கிக்கொள்வார்.

"எனக்கெல்லாம் ஒரு காசு ஏறலப்பா. ஆரம்பத்துலயே கறாரா பேசிட்டேன்."

கேட்டவர்கள் வாயைப் பிளந்தார்கள். இவர் எதையோ சாதித்துவிட்டதாக அவர்களும் நம்பினார்கள்.

ஒரு வருஷம், வருஷக் கடைசி போனஸ் கைக்கு வந்த அன்று, மனைவி கேட்டாள்.

"என்னங்க, இதைக் கடன்ல போட்டுடலாமா? போட்டா சீக்கிரம் குறையும்னு சொல்றாங்க."

"யார் சொல்றா?"

"பட்டன் பிரிவுல ஒரு பொண்ணு."

"பட்டன் தைக்கிறவ எப்ப பேங்க் நடத்த ஆரம்பிச்சா? அது பாட்டுக்கு ஓடிக்கிட்டு இருக்கு. ஓடுற மெஷின்ல கை வைக்காதே."

அவளும் விட்டுவிட்டாள். அந்தப் போனஸ் குளியலறைக்கு நீல ஓடுகளாக மாறியது. அடுத்த வருஷம் பால்கனிக்குக் கம்பி. அதற்கடுத்த வருஷம் கூடத்துக்கு அலங்கார உள்கூரை, அதில் பதித்த குழிவிளக்குகள். இன்னும் இரண்டொரு வருஷம் அவள் அதே கேள்வியைக் கேட்டாள், அவரும் அதே பதிலைச் சொன்னார், பிறகு அவள் கேட்பதையே நிறுத்திக்கொண்டாள். ஆயில்கேன் கெட்டவர் இல்லை. குடியில்லை, சீட்டில்லை. தன் வீடு என்று நினைத்து ஆசை ஆசையாக அலங்கரித்தார். வீட்டில் பாதிக்கு மேல் இன்னும் பேங்குடையது என்று அவருக்கு உறைக்கவே இல்லை.

பத்தாவது வருஷம் வாக்கில் மனைவியின் கெண்டைக்காலில் நரம்புகள் நீலமாகச் சுருண்டுகொண்டன. மூன்று மாடி ஏறும்போது ஒவ்வொரு மாடியிலும் நின்று மூச்சு வாங்குவாள். போன வருஷம் கணுக்காலுக்கு மேல் ஒரு புண் வந்தது. மருந்து போட்டால் காயும், மறுபடியும் வாய் திறக்கும். டாக்டர் கட்டை அவிழ்த்துப் பார்த்துவிட்டுக் கொஞ்சம் கோபமாகவே சொன்னார்.

"நான் எத்தனை மருந்து கொடுத்தாலும் இது ஆறாதும்மா. நீங்க நிக்கிறதை நிறுத்தினாத்தான் ஆறும். இப்படியே விட்டா காலுக்கே ஆபத்து."

வீட்டுக்கு வந்ததும் ஆயில்கேன் அவள் காலைத் தன் மடியில் எடுத்து வைத்துக்கொண்டார். கல்யாணமான புதிதில்கூட அப்படிச் செய்ததில்லை.

"இன்னும் ஒரு வருஷம்தான். கடன் முடிஞ்ச மறுநாள் நீ உட்காந்துடு. அதுக்கப்புறம் ஆலைப் பக்கம் திரும்பிக்கூடப் பாக்க வேணாம்."

"சத்தியமா?"

"சத்தியமா."

அந்த ஒரு வருஷத்தை அவள் எப்படிக் கடத்தினாள் என்பதை அவள் கால்தான் சொல்ல வேண்டும். கடைசி மாதம் பிறந்ததும் வேலையை விடுவதாக ஆலையில் எழுதிக் கொடுத்துவிட்டாள். மாதக் கடைசி வெள்ளிக்கிழமையோடு கணக்கு முடிகிறது. மகளின் கல்யாணத்துக்கு வாங்கிய முன்பணத்தைக் கழித்துக்கொண்டு ஆலை தரப்போகிற தொகை ஒன்றும் பெரிதில்லை. மாதா மாதம் போகிற எட்டாயிரம் இனி வீட்டிலேயே இருக்கும் என்கிற தெம்பில்தான் இருவரும் இருந்தார்கள்.

அந்த வெள்ளிக்கிழமை ஆயில்கேன் அரை நாள் விடுப்பு எடுத்தார். வீட்டுப் பத்திரத்தை வாங்கிக்கொண்டு போய், அவளுடைய கடைசி நாளில் அவள் கையில் கொடுக்க வேண்டும் என்பது திட்டம். காலையில் அவள் தேய்த்துக் கொடுத்த வெள்ளைச் சட்டையைப் போட்டுக்கொண்டு பேங்குக்குப் போனார்.

கடன் பிரிவில் இருந்த அம்மாளுக்கு ஐம்பது வயது இருக்கும். மூக்குக் கண்ணாடியை இறக்கி வைத்துக்கொண்டு திரையைப் பார்த்தார். பிறகு இன்னொரு முறை பார்த்தார்.

"உக்காருங்கய்யா. இன்னும் முடியலையே."

"முடிஞ்சிடுச்சும்மா. இருபது வருஷம். போன ஒண்ணாந்தேதி கட்டினதோட சரி. பத்திரம் வாங்கத்தான் வந்தேன்."

"இன்னும் பதினோரு வருஷம் இருக்குங்க."

ஆயில்கேன் சிரித்துவிட்டார். "வேற யாரோட கணக்கையோ பாக்குறீங்கம்மா."

அந்த அம்மாள் சிரிக்கவில்லை. திரையை அவர் பக்கம் திருப்பினார். அவருடைய பெயர்தான். மூன்றாவது மாடி வீட்டின் எண்தான்.

"ஆரம்பத்துல ஏழரை வட்டி. ரெண்டு வருஷம் கழிச்சு ஒன்பதரை ஆயிடுச்சு. அதுக்கப்புறம் இறங்கவே இல்ல. நீங்க தவணையை ஏத்த வேணாம்னு எழுதிக் கொடுத்திருக்கீங்க. அதனால வருஷம் நீண்டு போச்சு."

"ஒரு தவணைகூட நான் விட்டதில்லையேம்மா."

"விட்டதில்லைங்க. ஒரு நாள் தாமதம்கூட இல்ல. உங்க மேல ஒரு குறையும் சொல்ல முடியாது."

"அப்புறம் எப்படி?"

அந்த அம்மாளுக்கு அவசரம் இல்லை. நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு, குழந்தைக்குச் சொல்வதுபோலச் சொன்னார்.

"வட்டி ஏறின அந்த மாசத்தைப் பாருங்க. நீங்க கட்டினது எட்டாயிரத்து அம்பத்தாறு. அதுல ஏழாயிரத்து ஐந்நூறுக்கு மேல வட்டிக்கே போயிடுச்சு. கடன்ல குறைஞ்சது ஐந்நூறுதான். அடுத்த மாசமும் அப்படித்தான். வருஷக் கணக்கா அப்படித்தான். இதுவரைக்கும் பத்தொன்பது லட்சத்துக்கு மேல கட்டியிருக்கீங்க. இன்னும் ஆறு லட்சத்து அறுபதாயிரத்துச் சொச்சம் பாக்கி நிக்குது. இப்படியே போனா மொத்தம் முப்பது லட்சம் ஆகும்."

பத்து வாங்கி முப்பது. ஆயில்கேன் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். துணி நகராமல், ஒரே இடத்தில் ஊசி குத்திக்கொண்டே இருக்கிற மெஷினை அவர் பார்த்திருக்கிறார். சத்தம் அழகாகத்தான் வரும். ஓடுவதுபோலத்தான் இருக்கும். குனிந்து துணியைப் பார்த்தால்தான் விஷயம் தெரியும். இருபது வருஷத்தில் ஒரு நாள்கூட அவர் குனிந்து பார்க்கவில்லை.

"வட்டி ஏறினப்பவே தவணையை ஏத்தியிருந்தா? எவ்வளவு ஏத்தியிருக்கணும்?"

அந்த அம்மாள் விசைகளைத் தட்டினார். சொல்லலாமா வேண்டாமா என்று ஒரு கணம் தயங்கினார்.

"மாசம் ஆயிரத்து இருநூறுகூட வேண்டியிருக்காதுங்க. இன்னிக்கு முடிஞ்சிருக்கும். இல்லன்னா அப்பப்போ கையில வந்ததை, போனஸ் மாதிரி ஏதாவது, அசல்ல போட்டிருக்கலாம்."

அவருக்கு நீல ஓடுகள் ஞாபகம் வந்தன. குழிவிளக்குகள் ஞாபகம் வந்தன. 'கடன்ல போட்டுடலாமா' என்று கேட்ட குரலும் ஞாபகம் வந்தது. அந்த அம்மாள் தண்ணீர் கொடுத்தார். பணி ஓய்வுப் பணம் வந்தால் கட்டிவிடலாம் என்று ஆறுதலாகவும் சொன்னார். ஓய்வுக்கு இன்னும் நான்கு வருஷம் இருந்தது. அதுவரை அவர் சம்பளத்தில் தவணையைக் கட்டினால் சாப்பாடு இல்லை, சாப்பிட்டால் தவணை இல்லை.

வெளியே வந்து நின்றபோது அவருக்கு ஒன்று மட்டும் தெளிவாகத் தெரிந்தது. மனைவி ஐந்து மணிக்குக் கணக்கு முடித்துக் கையெழுத்துப் போடப் போகிறாள். அதற்கு முன்னால் சொல்லிவிட்டால் எழுதிக் கொடுத்ததைத் திரும்ப வாங்கிக்கொள்ளலாம். போட்ட பிறகு ஒன்றும் செய்ய முடியாது. விட்டுவிட்டு மறுபடியும் வருகிறவர் யாராக இருந்தாலும் புது ஆள்தான், புது ஆள் சம்பளம்தான் என்பது ஆலையின் சட்டம். பஸ்ஸுக்குக் காத்திருக்கப் பொறுமையில்லாமல் ஆட்டோ பிடித்தார். ஆட்டோவுக்கெல்லாம் காசு கொடுக்கிற ஆளே இல்லை அவர்.

இஸ்திரிப் பிரிவின் கதவருகில் போய் நின்றபோது மணி நாலேகால். டீ நேரம். உள்ளே ஒரே கும்மாளம். எல்லோரும் சேர்ந்து காசு போட்டு, கைப்பிடியும் மெத்தையும் உள்ள ஒரு நாற்காலி வாங்கி வந்திருந்தார்கள். அதை அவளுடைய மேஜைக்குப் பக்கத்திலேயே போட்டு அவளை உட்கார வைத்திருந்தார்கள். மேஜை மேல் கேக்.

"அக்கா, அசல் முதலாளியம்மா மாதிரி இருக்கீங்க. எங்க, ஒரு அதட்டல் போடுங்க பாப்போம்."

அவள் நிமிர்ந்து உட்கார்ந்தாள். சூப்பர்வைசரின் குரலை அப்படியே வரவழைத்துக்கொண்டாள்.

"ஏய், அந்தக் காலர்ல என்ன சுருக்கம்? உன் மாமியார் முகம் மாதிரி இருக்கு. மறுபடியும் போடு!"

கூடமே சிரித்தது. சூப்பர்வைசரும் சிரித்தார். அவளும் சிரித்தாள். வாயைக் கையால் மூடிக்கொள்ளக்கூட மறந்து, கண்ணில் நீர் வரச் சிரித்தாள். அப்படி ஒரு சிரிப்பை ஆயில்கேன் கடைசியாக எப்போது கேட்டார் என்று அவருக்கே தெரியவில்லை. கட்டுப் போட்ட காலை முன்னால் நீட்டி வைத்திருந்தாள். அந்தப் பிரிவில் அவள் உட்கார்ந்து அவர் பார்ப்பது அதுதான் முதல் தடவை.

கதவுக்கும் அவளுக்கும் பத்தடிகூட இருக்காது. கூப்பிட்டிருக்கலாம். 'கொஞ்சம் வெளியே வா' என்று மூன்று வார்த்தை. அவள் அவரைப் பார்த்துவிட்டுக் கையை ஆட்டினாள். பத்திரம் வாங்கியாயிற்றா என்று புருவத்தை உயர்த்திச் சாடையில் கேட்டாள். ஆயில்கேன் தலையை ஒரு தினுசாக ஆட்டினார். ஆமாம் என்றும் எடுத்துக்கொள்ளலாம், இல்லை என்றும் எடுத்துக்கொள்ளலாம். அவள் ஆமாம் என்று எடுத்துக்கொண்டாள்.

இப்போது போய் எப்படிச் சொல்வது என்று அவர் நினைத்தார். இருபது வருஷம் நின்றவள் இப்போதுதான் உட்கார்ந்திருக்கிறாள். இன்னும் பத்து நிமிஷம் சிரிக்கட்டும். அவருக்குத் தெரிந்ததெல்லாம் அந்த ஒரு கொள்கைதானே. நன்றாக ஓடிக்கொண்டிருந்ததில் கை வைக்க மனம் வரவில்லை. தையல் கூடத்துக்குத் திரும்பி வந்து, எண்ணெய் தேவைப்படாத ஒரு மெஷினுக்கு எண்ணெய் விட்டார். துடைத்தார். மறுபடியும் விட்டார். மறுபடியும் அவளைத் தேடிப் போனபோது அவள் கையெழுத்துப் போட்டுவிட்டு, ஆலை வாசலில் நாற்காலியை ஆட்டோவில் ஏற்றிக்கொண்டிருந்தாள்.

வீட்டில் பத்திரம் எங்கே என்று கேட்டாள். அதிகாரி விடுப்பு, திங்கட்கிழமை வரச் சொன்னார்கள் என்றார். அவள் நம்பினாள். சனிக்கிழமை முழுக்க ஜன்னலோரம் நாற்காலியில் உட்கார்ந்து காலை மோடா மேல் வைத்துக்கொண்டு தெருவை வேடிக்கை பார்த்தாள். பள்ளிக்கூட வேன் எத்தனை மணிக்கு வருகிறது, எதிர்வீட்டு நாய் யாரைப் பார்த்தால் குரைக்கிறது என்றெல்லாம் அவருக்குச் சொன்னாள். இவ்வளவு நாளும் இந்தத் தெருவைப் பகலில் இப்படி உட்கார்ந்து பார்த்ததே இல்லை என்றாள். மகளுக்குப் போன் போட்டு, "உங்கம்மா இப்ப ராணிடீ" என்றாள். ஆயில்கேன் சாப்பாட்டைப் பிசைந்துகொண்டே இருந்தார்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் அவள் நல்ல துணி ஒன்றை எடுத்து மடித்து வைத்தாள்.

"நாளைக்கு நானும் பேங்குக்கு வர்றேன். என் கையால வாங்கணும்."

அதற்கு மேல் மறைக்க வழியில்லை. ஆயில்கேன் தரையில் உட்கார்ந்து, அவள் முகத்தைப் பார்க்காமல் சொல்லி முடித்தார். அந்த அம்மாள் சொன்னதை ஒன்றுவிடாமல் சொன்னார். ஆயிரத்து இருநூறையும் சொன்னார். கதவருகில் நின்றதை மட்டும் விட்டுவிட்டார்.

அவள் கத்துவாள் என்று எதிர்பார்த்தார். கத்தியிருந்தால் தேவலை. அவள் உள்கூரையையும் அதிலிருந்த குழிவிளக்குகளையும் அண்ணாந்து பார்த்தாள்.

"போனஸைப் போடச் சொன்னேனே. அப்ப போட்டிருந்தா?"

"முடிஞ்சிருக்கும்."

"உங்க வாயால சொல்லணும்னுதான் கேட்டேன்."

வீட்டை விற்றுவிடலாமா என்று கேட்டாள். அதையும் அவர் முந்தின நாளே விசாரித்து வைத்திருந்தார். லிப்ட் இல்லாத பழைய கட்டடம், மூன்றாவது மாடி. விற்றால் கடன் தீரும், கையில் கொஞ்சம் நிற்கும். ஆனால் இப்போதைய வாடகை தவணையைவிடக் கூட. வாடகைக்கும் அவள் நிற்கத்தான் வேண்டும். அவள் தலையை ஆட்டிக்கொண்டாள். அழுதாள். அதிகம் இல்லை. மூக்கைச் சிந்திவிட்டு எழுந்து, மடித்து வைத்த துணியைத் திரும்ப அலமாரியில் வைத்தாள்.

"காலைல என்னையும் எழுப்புங்க" என்றாள்.

திங்கட்கிழமை அவளுடைய மேஜையில் இருபது வயதுப் பெண் ஒருத்தி தேய்த்துக்கொண்டிருந்தாள். சூப்பர்வைசர் நல்ல மனுஷர்தான், ரொம்பச் சங்கடப்பட்டார். ஆனால் கையெழுத்துக் கையெழுத்துதான். புது ஆளாக எடுத்துக்கொள்கிறேன், பாய்லர் பக்கம் கடைசி மேஜை மட்டும்தான் காலி என்றார். புது ஆள் சம்பளம் தவணைக்குச் சரியாக இருக்கும், மருந்துக்கு மிஞ்சாது. அவள் சரி என்றாள். அந்த இருபது வயதுப் பெண் விஷயம் தெரியாமல் வந்து, "நீங்களும் புதுசா அக்கா? பயப்படாதீங்க, ரெண்டு நாள்ல பழகிடும்" என்று தைரியம் சொல்லிவிட்டுப் போனாள்.

பத்து மணிக்குக் கடைசி மேஜையில் நீராவிக் குழாய் கசிகிறது என்று ஆயில்கேனைக் கூப்பிட்டார்கள். பாய்லர் சூட்டில் அந்த மூலை கொதித்தது. அவர் மேஜைக்கடியில் குனிந்து குழாயின் இணைப்பை இறுக்கினார். அவள் கால் அவர் முகத்துக்கு நேராக இருந்தது. கட்டின் மேல் புதிதாக ஒரு ஈரம். அவர் அதைப் பார்த்துக்கொண்டே இருந்தார். முறுக்குகிற கை நின்றுவிட்டது.

மேலேயிருந்து அவள் குரல் வந்தது. இஸ்திரிப் பெட்டியின் சத்தம் நிற்கவில்லை.

"வெள்ளிக்கிழமை இங்க கதவுகிட்ட வந்து நின்னீங்களே. அப்பவே உங்களுக்குத் தெரியுமா?"

பொய் சொல்ல அவருக்குத் தெம்பில்லை.

"தெரியும்."

"அப்ப நான் கையெழுத்துப் போடல."

"ம்."

"கூப்பிட்டிருந்தா போட்டிருக்க மாட்டேன். என் மேஜையாவது இருந்திருக்கும். சம்பளமாவது இருந்திருக்கும். ஏன் கூப்பிடல?"

ஆயில்கேன் மேஜைக்கடியிலிருந்து வெளியே வந்தார். கண்ணைத் துடைத்ததில் முகமெல்லாம் எண்ணெய் அப்பியிருந்தது.

"நீ சிரிச்சுக்கிட்டு இருந்தே. எனக்கு மனசு வரல."

அவள் ஒரு சட்டையை எடுத்து விரித்தாள். காலரை இரண்டு விரலால் நீவிவிட்டாள். அவரைத் திரும்பிப் பார்க்கவில்லை.

"அடுத்த தடவை பேங்குக்குப் போறப்ப அந்த அம்மாகிட்ட இதையும் கேட்டுட்டு வாங்க. அந்த ஒரு சிரிப்புக்கு நான் இன்னும் எத்தனை வருஷம் நிக்கணும்னு."

அவர் எண்ணெய்க் குப்பியைப் பிடித்தபடி நின்றார். அடுத்த கட்டு வந்து மேஜையில் விழுந்தது. அவள் வேலையைப் பார்க்க ஆரம்பித்தாள்.